வர்க்கமூலங்களைச் சுருக்குதலும் கழித்தலும்

சதுர வடிவான இரண்டு நிலங்கள் உள்ளன. ஒன்று 45 சென்ட். மற்றொன்று 20 சென்ட். இரண்டையும் சுற்றி ஐந்து வரிசை முள்கம்பி வேலி போட வேண்டும். பெரிய நிலத்துக்குச் சிறிய நிலத்தைவிட எத்தனை அடி கம்பி அதிகம் வேண்டும்? சங்கத்துக்குக் கடன் மனு எழுதும் அங்கத்தினருக்கும், அம்மனுவைப் பரிசீலிக்கும் நிர்வாகக் குழுவினருக்கும் இத்தகைய கேள்வி எழுவது இயல்பே.

"45இலிருந்து 20 போனால் 25. ஆகவே 25 சென்ட் நிலத்தைச் சுற்றி வேலி போட ஆகும் கம்பியே வித்தியாசம்" என்று விடை கூறத் தோன்றும். அவ்வாறு கணக்கிட்டால் 2,087 அடி வரும். உண்மையில் வேண்டுவது 933 அடியே. ஏறத்தாழ 1,150 அடி கம்பிக்கு வீணாகக் கடன் வாங்கி, அதற்கு வட்டியும் செலுத்த நேரிடும். பரப்பைக் கழிப்பது வேறு, பக்கத்தைக் கழிப்பது வேறு என்பதை உணராமையே இப்பிழைக்குக் காரணம். இதனைத் தெளிவாக அறிந்துகொள்ள வர்க்கமூலங்களைச் சுருக்கவும் கழிக்கவும் கற்க வேண்டும். காகிதமும் பென்சிலும் கையில் வைத்துக்கொண்டு இக்கட்டுரையைப் படிக்குமாறு அங்கத்தினர்களைக் கேட்டுக்கொள்கிறோம். கண்ணால் மட்டும் படித்துச் சென்றால் கணக்கு மனத்தில் நில்லாது.

ஓர் எண்ணை அதே எண்ணால் பெருக்கினால் வருவது வர்க்கம். 5ன் வர்க்கம் 25. இதனையே திருப்பிச் சொன்னால், 25ன் வர்க்கமூலம் 5. நிலத்தின் பேச்சில் கூறுவதாயின், சதுர நிலத்தின் பரப்பு வர்க்கம். அதன் ஒரு பக்கம் வர்க்கமூலம். √ என்னும் குறியை எண்ணின் முன் இட்டு வர்க்கமூலத்தைக் குறிக்கிறோம். கிறிஸ்டோப் ருடோல்ப் என்னும் ஜெர்மானியர் 1525ஆம் ஆண்டில் அச்சிட்ட இயற்கணித நூலில் இக்குறி வந்துள்ளது.

4, 9, 16, 25, 36 போன்றவை முழு வர்க்க எண்கள். இவற்றின் மூலங்கள் முழு எண்களாகவே அமையும். 2, 3, 5, 20, 45 ஆகியவற்றின் மூலங்கள் அவ்வாறு அமையா. அவற்றைத் தசம பின்னமாக எழுதத் தொடங்கினால் எத்தனை ஸ்தானம் எழுதினாலும் முடிவு பெறாது. √2 என்பது 1.41421356... என நீண்டுகொண்டே செல்லும். ஆதலின் இவற்றைத் தசமமாக மாற்றாமல் √2, √5 என்றே வைத்துக்கொண்டு கணக்குச் செய்வது நலம்.

முதற்கண், மேலே கண்ட பிழையைச் சிறிய எண்களில் சோதித்துப் பார்ப்போம். √25 என்பது 5, √16 என்பது 4, வித்தியாசம் 1. ஆனால் 25இலிருந்து 16ஐக் கழித்துப் பிறகு மூலம் கண்டால் √9, அதாவது 3 வருகிறது. ஒன்றும் மூன்றும் ஒன்றாகுமா? ஆகவே மூலக்குறிக்குள் இருக்கும் எண்களை நேராகக் கழித்தல் கூடாது. கூட்டலுக்கும் இது பொருந்தும்.

பெருக்கலில் இத்தடை இல்லை. √4 × √9 என்பது 2 × 3 = 6. 4ஐ 9ஆல் பெருக்கி மூலம் கண்டாலும் √36 = 6. இது எதனால் என்பதை நிலத்தைக் கொண்டே விளக்கலாம். சதுர நிலத்தின் பக்கத்தை இரட்டித்தால் பரப்பு நான்கு மடங்காகிறது. பக்கத்தை மும்மடங்காக்கினால் பரப்பு ஒன்பது மடங்காகிறது. மாறாக, பரப்பு நான்கு மடங்கானால் பக்கம் இரு மடங்கே ஆகும். எனவே √(4 × 5) என்பது 2√5. √(9 × 5) என்பது 3√5. மூலக்குறிக்குள் ஒளிந்திருக்கும் முழு வர்க்க எண்ணைக் கண்டுபிடித்து, அதன் மூலத்தைக் குறிக்கு வெளியே கொணர்வதே சுருக்குதல் எனப்படும்.

இனி நமது வேலிக் கணக்கைப் பார்ப்போம். 20 என்பது 4 × 5. 45 என்பது 9 × 5. 5 சென்ட் சதுர நிலத்தின் பக்கத்தை ஓர் அளவுகோலாகக் கொண்டால், 20 சென்ட் நிலத்தின் பக்கம் அக்கோலால் இரண்டு. 45 சென்ட் நிலத்தின் பக்கம் மூன்று. காகிதத்தில் ஒரு சதுரம் வரைந்து, ஒவ்வொரு பக்கத்தையும் மூன்றாகப் பிரித்து ஒன்பது கட்டங்கள் ஆக்குக. ஒவ்வொரு கட்டமும் 5 சென்ட். அதன் ஒரு மூலையில் உள்ள நான்கு கட்டங்கள் சேர்ந்த சதுரம் 20 சென்ட். இரண்டின் பக்கங்களுக்கும் இடையே உள்ள வித்தியாசம் ஒரு கட்டத்தின் பக்கமே என்பது கண்ணுக்கே புலனாகும்.

√45 − √20 = 3√5 − 2√5 = √5

அதாவது, இரு வேலிகளின் வித்தியாசம் 5 சென்ட் சதுர நிலத்தைச் சுற்றிப் போடும் வேலியே அன்றி, 25 சென்ட் நிலத்தின் வேலி அன்று. இனி அடிக்கணக்கில் காண்போம். ஒரு சென்ட் 435.6 சதுர அடி. (66 அடிச் சங்கிலியின் வர்க்கம் 4,356, அது சரியாக 10 சென்ட்.) 5 சென்ட் 2,178 சதுர அடி, அதன் மூலம் 33√2 அடி, அதாவது 46.67 அடி. நான்கு பக்கத்துக்கு 132√2. ஐந்து வரிசைக்கு 660√2. √2க்கு 1.4142 எனக் கொண்டால் 933 அடி. இக்கணக்கில் தசமத்தை ஒரே ஒரு முறை, அதுவும் கடைசியில்தான் உபயோகித்தோம் என்பதைக் கவனிக்க வேண்டும். இதன் பயனைப் பின்னர்க் காண்போம்.

2,178 போன்ற பெரிய எண்ணுள் வர்க்க எண் எங்கே உள்ளது என்று அறிவது எவ்வாறு? எண்ணை 2, 3, 5, 7, 11 என்று சிறிய பகா எண்களால் வரிசையாக வகுத்துக்கொண்டே செல்க. 2,178 = 2 × 3 × 3 × 11 × 11. ஒரே எண் இருமுறை வந்தால் அந்த ஜோடியிலிருந்து ஒன்று குறிக்கு வெளியே வரும். ஜோடி கிடைக்காத எண் உள்ளேயே தங்கும். இங்கு 3ம் 11ம் வெளியே வந்து 33 ஆகின்றன. 2 உள்ளே நிற்கிறது. சிலர் 72ஐ 9 × 8 எனக் கண்டு 3√8 என்று எழுதியதும் நிறுத்திவிடுவர். 8க்குள் இன்னும் ஒரு 4 இருக்கிறது. ஆதலின் 6√2 என்பதே முடிவான விடை. உள்ளே நிற்கும் எண்ணில் ஒரு ஜோடியேனும் எஞ்சியிருக்கும் வரையில் சுருக்குதல் முற்றுப் பெறவில்லை.

சுருக்கிய பிறகு கழித்தல் எளிது. நெசவாளர்களுக்கு இதை விரித்துரைக்க வேண்டுவதில்லை. ஐந்து சிட்டம் 40ஆம் நம்பர் நூலில் மூன்று சிட்டம் போனால் இரண்டு சிட்டம் மிஞ்சும். ஐந்து சிட்டம் 40ஆம் நம்பரில் மூன்று சிட்டம் 60ஆம் நம்பரை எவ்வாறு கழிப்பது? இருப்புப் பதிவேட்டில் இரண்டையும் தனித்தனிக் கலத்தில்தானே எழுதுகிறோம்! அவ்வாறே, மூலக்குறிக்குள் ஒரே எண் நின்றால் அவை ஓரின மூலங்கள். வெளியே உள்ள எண்களை மட்டும் கழிக்கலாம். √50 − √18 = 5√2 − 3√2 = 2√2. உள்ளே வெவ்வேறு எண் நின்றால் அவை வேற்றின மூலங்கள். √18 − √12 = 3√2 − 2√3 என்று எழுதி அத்துடன் நிறுத்த வேண்டும். இதனை "√6" என்றோ, "1" என்றோ சேர்த்து எழுதுவது 40ஐயும் 60ஐயும் ஒரே பாவில் கலப்பதை ஒக்கும்.

இரு மூலங்கள் ஓரினமா என்பதைச் சுருக்காமலே அறிய ஒரு சோதனை உண்டு. உள்ளிருக்கும் இரண்டு எண்களையும் பெருக்கிப் பார்க்க வேண்டும். முழு வர்க்க எண் வந்தால் ஓரினம், வராவிட்டால் வேற்றினம். 50 × 18 = 900; இது 30ன் வர்க்கம். 18 × 12 = 216; இது வர்க்க எண் அன்று. இம்முறை நமது நாட்டில் மிகப் பழமையானது. பிரம்மகுப்தர் 628ஆம் ஆண்டில் இயற்றிய பிரம்மஸ்புட சித்தாந்தத்திலேயே இம்மூலங்களைக் கூட்டவும் கழிக்கவும் விதி உண்டு. இவற்றுக்கு வடமொழிக் கணித நூல்களில் 'கரணி' என்று பெயர். 12ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த பாஸ்கரர் தமது பீஜகணிதத்தில் கூறும் வழி இது: இரு எண்களையும் கூட்டியதைப் 'பெரியது' என்க, அவற்றின் பெருக்கலுக்கு மூலம் கண்டு இரட்டித்ததைச் 'சிறியது' என்க. பெரியதிலிருந்து சிறியதைக் கழித்து மூலம் கண்டால் வித்தியாசம் கிடைக்கும். 50ம் 18ம் கூட 68; 900ன் மூலம் 30, அதன் இரட்டிப்பு 60; 68இலிருந்து 60 போக 8; √8 = 2√2. நாம் மேலே கண்ட விடையே வந்துவிட்டது. இருப்பினும், அன்றாட வேலைக்குச் சுருக்கிக் கழிக்கும் முறையே சுலபமானது என்பது எமது கருத்து. பாஸ்கரர் முறையை விடை சரிபார்க்க வைத்துக்கொள்ளலாம்.

நெசவுப் பக்கம் ஓர் உதாரணம். சாயமிட்ட சிட்டங்களை உலர்த்த இரண்டு மரச்சட்டங்கள் செய்கிறோம். ஒன்று 4 அடிக்கு 6 அடி. மற்றொன்று 6 அடிக்கு 9 அடி. சட்டம் கோணாதிருக்க மூலைக்கு மூலை கம்பி இழுத்துக் கட்ட வேண்டும். இரு மூலைக் கம்பிகளும் ஒரே நீளமாக நின்றால்தான் சட்டம் மூலைமட்டத்துக்குச் சரியாக உள்ளது என்று பொருள். சிறிய சட்டத்தின் மூலைவிட்டம் √(16 + 36) = √52 = 2√13. பெரியதன் மூலைவிட்டம் √(36 + 81) = √117 = 3√13. வித்தியாசம் √13, அதாவது 3 அடி 7¼ அங்குலம். நீள அகலங்கள் இரண்டும் ஒன்றரை மடங்கு ஆகும்போது மூலைவிட்டமும் ஒன்றரை மடங்கு ஆகும் என்பது இங்கே தானாகவே வெளிப்படுகிறது.

இவ்விடத்தில், நாட்டில் வழங்கும் ஒரு பழைய விதியைக் குறிப்பிடுதல் தகும். நீண்ட பக்கத்தில் எட்டில் ஒரு பங்கைத் தள்ளி, குறுகிய பக்கத்தில் பாதியைக் கூட்டினால் மூலைவிட்டம் வரும் என்பது அவ்விதி. 3க்கு 4 என்றாலும், 5க்கு 12 என்றாலும் இது துல்லியமாகவே விடை தருகிறது. ஆனால் நமது 4 அடிக்கு 6 அடிச் சட்டத்தில் 7¼ அடி என்று ஏறக்குறைய அரை அங்குலம் கூடுதலாகக் காட்டும். சதுரத்திலோ 100 அடிக்கு 137½ என்று கூறும், உண்மையோ 141.4. கையில் எழுதுகோல் இல்லாதபோது உதவும் மதிப்பீடாக அதனைக் கொள்ளலாமே தவிர, பொருள் வாங்கும் கணக்குக்கு அது போதாது.

இப்போது, தசமத்தைக் கடைசியில்தான் உபயோகிக்க வேண்டும் என்று மேலே கூறியதன் காரணத்துக்கு வருவோம். இக்கட்டுரையில் எம் கருத்தில் தலையாயது இதுவே. தென்னை நடும் உறுப்பினர்கள் 25 அடிக்கு 25 அடி சதுர நடவு செய்வது வழக்கம். அதே 25 அடி இடைவெளியை விடாமல் முக்கோண நடவு செய்வதும் உண்டு. அதில் ஒவ்வொரு மரமும் அடுத்த வரிசையின் இரு மரங்களுக்கு நடுவே நிற்கும். எந்த இரண்டு அண்டை மரங்களுக்கும் இடையே 25 அடி குறையாது. ஆயினும் வரிசைக்கும் வரிசைக்கும் உள்ள தூரம் 25 அடியிலிருந்து 12½√3 அடியாகக் குறைந்துவிடும். இதனால் சதுர நடவில் ஏக்கருக்கு ஏறத்தாழ 70 மரம் நிற்கும் இடத்தில், முக்கோண நடவில் 80 மரம் நிற்கும். ஓரங்களில் விடும் இடத்தை இக்கணக்கில் சேர்க்கவில்லை.

ஒரு வரிசை இடைவெளியில் மிச்சமாகும் தூரம் எவ்வளவு? 25 − 12½√3. இவை வேற்றினம், சேர்த்து எழுத இயலாது. பொதுக்காரணியை மட்டும் வெளியே எடுத்து 12½ × (2 − √3) எனலாம். √3ன் மதிப்பு 1.732. ஒருவர், "1.7 என்றே வைத்துக்கொள்வோம், நூற்றுக்கு இரண்டு வீதம்கூடப் பிழை இல்லையே" என்று எண்ணுகிறார் எனக் கொள்வோம். அவர் கணக்கில் 2 − 1.7 = 0.3, மிச்சம் 3.75 அடி. சரியான விடை 3.35 அடி. நூற்றுக்கு இரண்டுக்கும் குறைவாக இருந்த பிழை, கழித்த மாத்திரத்தில் நூற்றுக்குப் பன்னிரண்டாக வளர்ந்துவிட்டது! 21 வரிசை நடும் தோப்பில் 20 இடைவெளிகள். அவர் 75 அடி மிச்சம் என்று எண்ணியிருப்பார்; நிலத்திலோ 67 அடியே மிஞ்சும். எட்டு அடி குறைந்தால் கடைசி வரிசை வரப்பின்மேல் ஏறி, பக்கத்து நிலத்துக்காரருடன் வழக்குக்கு இடமாகும்.

ஏறத்தாழச் சமமான இரண்டு எண்களை ஒன்றிலிருந்து ஒன்று கழிக்கும்போது எண்கள் பெரும்பாலும் அழிந்துபோகின்றன. அவற்றில் இருந்த பிழை மட்டும் அழியாமல் அப்படியே நின்றுவிடுகிறது. சிறிய மிச்சத்தின் பக்கத்தில் அது பெரிதாகத் தெரிகிறது. பாவு முழுவதும் இழை ஒன்று குறைந்தால் தெரியாது; கரையில் குறைந்தால் உடனே தெரியும் அல்லவா?

இதற்குப் பரிகாரம் உண்டு. கழித்தலைக் கூட்டலாக மாற்றிவிட வேண்டும். ஒரு சதுரத் துணியின் மூலையில் சிறிய சதுரம் ஒன்றை வெட்டி எடுத்துவிடுக. மீதியைக் குறுக்கே வெட்டி ஒட்டினால் ஒரு நீள்சதுரம் ஆகும். அதன் நீளம் இரு பக்கங்களின் கூட்டல். அகலம் இரு பக்கங்களின் வித்தியாசம். எனவே கூட்டலையும் வித்தியாசத்தையும் பெருக்கினால் வர்க்கங்களின் வித்தியாசம் வரும். (2 + √3) × (2 − √3) = 4 − 3 = 1. ஆகவே 2 − √3 என்பதும், 1ஐ (2 + √3)ஆல் வகுத்தால் வருவதும் ஒன்றே. இப்போது அதே 1.7ஐ வைத்துப் பார்ப்போம். 1 ÷ 3.7 = 0.270, இதனை 12½ஆல் பெருக்க 3.38 அடி. சரியான விடை 3.35. கரடுமுரடான அதே மதிப்பே இம்முறையில் நூற்றுக்கு ஒன்று அளவுக்குள் விடை தந்துவிட்டது.

மலைச்சரிவில் நிலம் அளப்போருக்கு இம்முறை இன்னும் இன்றியமையாதது. சரிவின் மேலாக 100 அடி அளக்கிறோம். அதற்குள் நிலம் 10 அடி உயர்கிறது. வரைபடத்துக்கு வேண்டிய மட்டத் தூரம் √(10,000 − 100) = √9,900 = 30√11. சரிவு அளவுக்கும் மட்ட அளவுக்கும் வித்தியாசம் 100 − 30√11. √11க்கு 3.3 என்று போட்டால் 1 அடி வருகிறது, 3.32 என்று போட்டால் 0.4 அடி வருகிறது. எதை நம்புவது? கூட்டலாக மாற்றுக: வர்க்கங்களின் வித்தியாசம் 10,000 − 9,900 = 100; அதனை (100 + 30√11)ஆல் வகுக்க வேண்டும். 3.3 என்று போட்டால் 100 ÷ 199 = 0.503, 3.32 என்று போட்டால் 100 ÷ 199.6 = 0.501. சரியான விடை 0.501 அடி, அதாவது ஆறு அங்குலம். சதுர மூலம் காணும் பொத்தான் உள்ள கணக்குப் பொறியோ கைப்பேசியோ வைத்திருப்போர் இத்தனை ஸ்தானங்களையும் நொடியில் பெறலாம் என்பது உண்மையே. ஆயினும் அப்பொறியிலும் இடையிலே வந்த எண்ணை இரண்டு ஸ்தானத்தில் வெட்டிக் காகிதத்தில் எழுதிப் பிறகு கழிப்போருக்குப் பொறியால் பயன் இல்லை.

பயிற்சிக்காகச் சில கணக்குகள் தருகிறோம். √75 − √27, √98 − √32, √54 − √20 ஆகியவற்றைச் சுருக்கிக் கழிக்க. பட்டாவில் 18 ஏர் என்றும் 8 ஏர் என்றும் காட்டியுள்ள இரு சதுர நிலங்களின் சுற்றளவு எத்தனை மீட்டர் வித்தியாசப்படும்? (ஓர் ஏர் 100 சதுர மீட்டர்.) சரிவில் 50 மீட்டர் அளக்கும்போது நிலம் 5 மீட்டர் உயர்ந்தால், மட்டத் தூரம் எவ்வளவு குறையும்?

விடைகளைச் செய்து முடித்த பின்னரே பார்க்க வேண்டுகிறோம். முதலாவது 2√3, இரண்டாவது 3√2, மூன்றாவது 3√6 − 2√5, இதனை மேலும் சேர்க்க இயலாது. நிலக் கணக்கில் பக்கங்கள் 30√2, 20√2. சுற்றளவு வித்தியாசம் 40√2, அதாவது 56.57 மீட்டர். சரிவுக் கணக்கில் 50 − 15√11. கூட்டலாக மாற்றிச் செய்தால் 0.25 மீட்டர், அதாவது 25 சென்டிமீட்டர்.